ஈயம் என்று எழுதினால் எது? மட்டாஞ்சேரியில் தெரியும் ஒரு சொற்சிக்கல்

தமிழில் "ஈயம்" என்று எழுதியிருந்தால் அது எந்த உலோகம் என்பதை அந்த ஒரு சொல்லைக் கொண்டு தீர்மானிக்க இயலாது. பெட்ரோலில் கலவாதது என்று விளம்பரப்படுத்தப்பட்ட ஈயம் ஒன்று. பித்தளைப் பாத்திரத்தின் உட்புறத்தில் பூசப்படும் ஈயம் வேறொன்று. பழைய பாத்திரக்காரர் எடைபோட்டு வாங்கிக்கொள்ளும் ஈயம் பெரும்பாலும் மூன்றாவது ஒன்று, அது அலுமினியம். முதலாவது நஞ்சு. இரண்டாவது, உணவு கெடாமல் காப்பதற்காகப் பூசப்படுவது. மூன்றாவதை 1825ஆம் ஆண்டுக்கு முன் எவரும் தனி உலோகமாகப் பிரித்துக் கண்டதில்லை. இவற்றின் அணு எண்கள் முறையே 82, 50, 13. தனிம அட்டவணையில் இத்தனை தொலைவில் நிற்கும் மூன்று உலோகங்கள் ஒரு பெயருக்குள் நெருக்கியடித்துக்கொண்டு வாழ்கின்றன. இது வெறும் சொல்லாராய்ச்சிச் சுவாரசியமாக இருந்தால் கடந்துபோய்விடலாம். சமையலறையிலும் மருந்துப் புட்டியிலும் இந்த நெருக்கம் ஆபத்தாகிறது என்பதால்தான் பேச வேண்டியிருக்கிறது.

கொச்சியின் மட்டாஞ்சேரியில் இச்சிக்கல் பிற இடங்களைவிடத் துலக்கமாகத் தெரியும். சில தெருக்களுக்குள்ளேயே மலையாளம், குஜராத்தி, கொங்கணி, தமிழ் ஆகிய மொழிகள் அருகருகே புழங்கும் ஊர் அது. சற்றுத் தள்ளி ஃபோர்ட் கொச்சியின் தோபி கானாவில், டச்சுக்காரர் காலத்தில் குடியேறியவர்களாகச் சொல்லப்படும் வண்ணார் சமூகத்தினர் இன்றும் வீட்டில் தமிழ் பேசுகின்றனர். ஒரே பொருளுக்கு நான்கு மொழிகளில் பெயர் கேட்கக்கூடிய இத்தகைய இடத்தில், எந்த மொழி எந்த எல்லைக்கோட்டைப் போட்டிருக்கிறது, எது போடாமல் விட்டிருக்கிறது என்பது தானே புலப்படும். குஜராத்தி பேசுவோருக்கு 82ஆம் தனிமம் சீசும், 50ஆம் தனிமம் கலாய், 30ஆம் தனிமம் ஜசத். மூன்றும் மூன்று வேர்கள். ஒன்றை மற்றொன்றாகக் கேட்க வழியில்லை. மலையாளத்தில் அவை கறுத்தீயம், வெளுத்தீயம், நாகம். தமிழில் காரீயம், வெள்ளீயம், துத்தநாகம். ஆக, தமிழிலும் மலையாளத்திலும் சொல் இல்லாமல் இல்லை. கறுப்பு, வெள்ளை என்ற அடைமொழி கொண்டு இரு உலோகங்களையும் பிரிக்கும் வழக்கம் இரு மொழிகளுக்கும் பொது. அந்த அடைமொழியைப் பேச்சிலும் எழுத்திலும் உதிர்த்துவிட்டு வெறும் "ஈயம்" என்று நிறுத்திக்கொள்வதும் இரு மொழிகளுக்கும் பொது. குறை அகராதியில் இல்லை, வழக்கில் இருக்கிறது.

ஈயச் சொம்பை எடுத்துக்கொள்ளலாம். கும்பகோணம் பக்கத்துக் கைவேலை என்று பெயர்பெற்ற அப்பாத்திரம் வெள்ளீயத்தால் ஆனது. அல்லது வெள்ளீயத்தால்தான் ஆகியிருக்க வேண்டும். வெள்ளீயம் 232 பாகை செல்சியஸில் உருகிவிடும். நீர் இருக்கும்வரை பாத்திரத்தின் வெப்பம் கொதிநிலையை ஒட்டியே நிற்கும். நீர் வற்றினாலோ, வெறும் சொம்பை அடுப்பில் ஏற்றினாலோ அடி உருகி ஒழுகும். அதனால்தான் ரசத்துக்குரிய நீரை ஊற்றிய பிறகே சொம்பை அடுப்பில் வைக்க வேண்டும் என்ற கட்டுப்பாடு தலைமுறைகளாக நிலவுகிறது. வெள்ளீயத்தின் உருகுநிலை எவ்வளவு என்று பாடப்புத்தகம் சொல்வதற்கு வெகுகாலம் முன்பே சமையலறைக்கு அது தெரிந்திருந்தது.

அப்பெயரின் இரண்டாம் பகுதியும் கவனிக்கத்தக்கது. சொம்பு என்பது செம்பு என்பதன் திரிபு. உலோகத்தின் பெயர் அவ்வுலோகத்தால் செய்த பாத்திரத்துக்கு ஆகி, பிறகு பாத்திரத்தின் வடிவத்துக்கு மட்டும் உரியதாகச் சுருங்கிவிட்டது. எனவே ஈயச் சொம்பு என்பதைச் சொல்லுக்குச் சொல் பிரித்தால் ஈயத்தாலான செம்பு! மலையாளத்திலும் இதே கதை. பிரியாணி ஆக்கும் பெரிய பாத்திரம் அங்கே செம்பு. அது இன்று அலுமினியத்தால் ஆனதாக இருந்தாலும் பெயர் செம்புதான். இதில் யாருக்கும் தீங்கில்லை. செம்பு என்னும் சொல் பாத்திரத்தைக் குறிக்கிறதா, உலோகத்தைக் குறிக்கிறதா என்பதில் குழப்பம் வந்தாலும், எந்த உலோகம் என்பதில் குழப்பம் வருவதில்லை. ஏறத்தாழ கி.பி. 1000இல் சேர அரசன் பாஸ்கர ரவிவர்மன் ஜோசப் ரப்பான் என்னும் யூத வணிகத் தலைவனுக்கு உரிமைகள் வழங்கி வட்டெழுத்தில் பொறித்துக் கொடுத்த ஆவணம், மட்டாஞ்சேரியின் பரதேசி யூதர் தொழுகைக்கூடத்துக்குரிய செல்வமாக இன்றும் காக்கப்படுகிறது. அதன் மொழியைத் தமிழ் என்பதா, பழைய மலையாளம் என்பதா என்று அறிஞர்கள் வாதிடலாம். அது செப்பேடு என்பதில் எவருக்கும் ஐயமில்லை. ஆயிரம் ஆண்டுகளாகச் செம்பு செம்பாகவே இருந்துவருகிறது. நிறம் வேறு எந்த உலோகத்தோடும் ஒட்டாததால் அந்தச் சொல் தப்பிப் பிழைத்தது எனலாம்.

சாம்பல் நிற மெல்லுலோகங்களுக்கு அந்த நற்பேறு வாய்க்கவில்லை. வெள்ளீயமும் காரீயமும் தனித்தனியே இருந்தால் வேறுபடுத்துவது எளிது. வெள்ளீயத் தகட்டை வளைத்தால் உள்ளேயிருக்கும் படிகங்கள் உராய்ந்து கிறீச்சிடும். காரீயம் ஓசையின்றி வளையும், தாளில் தேய்த்தால் கோடு விழும். ஒரு கன சென்டிமீட்டர் காரீயம் 11.3 கிராம், வெள்ளீயம் 7.3 கிராம். ஆனால் இரண்டும் கலந்திருந்தால், அதிலும் காரீயம் சிறு பங்காக இருந்தால், ஓசையும் எடையும் பெரிதாக உதவா. கலப்பதற்கான தூண்டுதலோ வலுவானது. வெள்ளீயத்தின் விலை காரீயத்தைப் போலப் பத்து மடங்குக்கும் மேல். அது தவிர, 62 பங்கு வெள்ளீயமும் 38 பங்கு காரீயமும் சேர்ந்த கலவை 183 பாகையிலேயே உருகி நன்றாக ஓடும். பற்றவைக்கும் பற்றாசுக்கு இக்கலவை புகழ்பெற்றதற்கு அதுவே காரணம். வேலைக்கு எளிது, விலைக்கு மலிவு, கண்ணுக்கு ஒன்றுபோல. இவற்றோடு பெயரும் ஒன்றாகவே இருந்துவிட்டால் விற்பவர் பொய்கூடச் சொல்ல வேண்டியதில்லை. "சுத்தமான ஈயம்" என்று அவர் சொல்வது எப்படியும் உண்மையாகிவிடுகிறது!

புளி, எலுமிச்சை, தக்காளி ஆகியவற்றின் அமிலம் காரீயத்தைக் கரைத்து உணவில் இறக்கும். கரைந்தது கசக்கவும் செய்யாது. காரீயத்தின் அசிட்டேட் உப்பு இனிக்கும். பழைய ரோமாபுரியில் திராட்சைச் சாற்றைக் காரீயப் பாத்திரத்தில் காய்ச்சியதும் அந்த இனிப்போடு தொடர்புடையதே. குழந்தைகளின் மூளை வளர்ச்சியைப் பாதிக்கும் இந்த உலோகத்துக்குப் பாதுகாப்பான அளவு என்று எதுவும் அறியப்படவில்லை என்பது உலக சுகாதார நிறுவனத்தின் நிலைப்பாடு. இந்தியாவில் காரீயம் கலந்த பெட்ரோல் 2000ஆம் ஆண்டில் முடிவுக்கு வந்தது. வீட்டுச் சாயங்களில் பத்து லட்சத்தில் 90 பங்குக்கு மேல் காரீயம் இருக்கக் கூடாது என்னும் விதி 2016இல் அறிவிக்கப்பட்டு அடுத்த ஆண்டு நடைமுறைக்கு வந்தது. 2015இல் நூடுல்ஸ் பொட்டலங்களைப் பற்றி எழுந்த சர்ச்சையில் பேசப்பட்ட வரம்பு பத்து லட்சத்தில் 2.5 பங்கு. அந்த நாட்களில் தமிழ்ச் செய்திகளில் "காரீயம்" என்றும் "ஈயம்" என்றும் இரு விதமாகவும் எழுதப்பட்டது. அதைப் படித்துவிட்டு வீட்டு ஈயச் சொம்பைப் பரணில் ஏற்றியவர்களும் இருக்கலாம். செய்தியைப் பொருட்படுத்தாமல், "பாட்டி காலத்திலிருந்து ஈயத்தில்தானே சமைக்கிறோம்" என்று தள்ளியவர்களும் இருக்கலாம். இரு சாராரும் சொல்லை நம்பியவர்களே.

சட்டம் இதில் விசித்திரமான நிலைக்கு ஆளாகிறது. பூச்சு முறையாக இல்லாத செம்பு, பித்தளைப் பாத்திரங்களில் உணவு ஆக்கி விற்கக் கூடாது என்பது இந்திய உணவுப் பாதுகாப்பு விதி. பூச்சு என்று அது குறிப்பது வெள்ளீயப் பூச்சை. அதே விதித்தொகுதி உணவில் காரீயத்துக்கு வரம்பு வைக்கிறது. இவ்விரண்டையும் பேச்சுத் தமிழில் மொழிபெயர்த்தால், "பாத்திரத்தில் ஈயம் இருக்க வேண்டும், உணவில் ஈயம் இருக்கக் கூடாது" என்றாகும். உணவகம் நடத்துபவர் இதைக் கேட்டுச் சிரித்தால் அவர்மீது குற்றமில்லை.

நாகத்தின் கதை இன்னும் சிக்கலானது. துத்தநாகத்தைப் பிரித்தெடுப்பதே கடினம். அதன் தாதுவை ஒடுக்குவதற்குத் தேவையான வெப்பநிலையில் துத்தநாகம் உருகி நிற்பதில்லை. 907 பாகையிலேயே ஆவியாகி, காற்றுப் பட்டால் மீண்டும் வெண்பொடியாக எரிந்துவிடும். ராஜஸ்தானின் ஜாவர் சுரங்கப் பகுதியில் 12ஆம் நூற்றாண்டளவிலேயே இதற்கு விடை கண்டிருந்தனர். குடுவையைத் தலைகீழாகக் கவிழ்த்து, ஆவி கீழ்நோக்கி இறங்கிக் காற்றுப் படாத குளிர்ந்த கலத்தில் படியும்படி செய்தனர். பெர்லினில் மார்கிராஃப் 1746இல் துத்தநாகத்தைப் பிரித்துக் காட்டியதே ஐரோப்பிய நூல்களில் "கண்டுபிடிப்பு" எனப் பதிவாயிற்று. ஜாவரின் உலைக்காரர் எவர் பெயரும் எஞ்சவில்லை. இதைச் சொல்லிப் பெருமைப்பட்டுக்கொள்வது இப்போது எளிதாக இருக்கிறது. அந்த உலோகத்துக்கு இந்திய மொழிகள் ஒருமித்த பெயர் வைத்துக்கொண்டனவா என்று கேட்பதுதான் பயனுள்ள கேள்வி.

வைத்துக்கொள்ளவில்லை. சமற்கிருத இரசவாத நூல்களில் நாகம் என்பது காரீயம். துத்தநாகத்துக்கு யசதம் என்று பெயர். குஜராத்தியின் ஜசத் அதன் வழி வந்தது. தமிழிலும் மலையாளத்திலும் நாகம் துத்தநாகமாகிவிட்டது. இலங்கைத் தமிழ்ப் பாடநூல்களில் இன்றும் 30ஆம் தனிமத்தின் பெயர் நாகம் என்பதே. மலையாளம் ஒரு சிறு காப்பாவது செய்துகொண்டது: உலோகத்தை வல்லின ககரத்தோடும், பாம்பைச் சமற்கிருத எழுத்தோடும் வேறாக எழுதுகிறது. தமிழ் எழுத்தில் பாம்பும் உலோகமும் ஒன்றே. பாம்போடு குழம்பினால் பாதகமில்லை, சூழல் காப்பாற்றிவிடும். காரீயத்தோடு குழம்பினால் சூழல் காப்பாற்றாது. சித்த மருத்துவத்தின் நாக பற்பம் துத்தநாகத்தை அடிப்படையாகக் கொண்டது. ஆயுர்வேதத்தின் நாக பஸ்மம் காரீயத்தை அடிப்படையாகக் கொண்டது. பற்பமும் பஸ்மமும் ஒரே சொல்லின் இரு வடிவங்கள். தமிழ்நாட்டில் சித்த மருந்து உண்டு பழகியவர், ஆயுர்வேதக் கடைகள் மலிந்த கொச்சியில் "நாக பஸ்மம்" என்று எழுதிய புட்டியைக் கண்டால், தெரிந்த மருந்தின் வடமொழிப் பெயர் என்றே எண்ணுவார். எண்ணாமல் இருப்பதற்கு அந்தப் பெயரில் எந்தக் குறிப்பும் இல்லை. இம்மருந்துகளின் நன்மை தீமை பற்றிய விவாதம் தனி. இரண்டும் ஒரே மருந்தல்ல என்பதையாவது பெயர் சொல்ல வேண்டும். இத்தனைக்கும் சித்த மரபிலேயே வெள்வங்கம், கருவங்கம் என்று நிறத்தைக் கொண்டு பிரிக்கும் வழக்கம் உண்டு. பிரிக்க வேண்டும் என்ற உணர்வு இருந்திருக்கிறது. நாகத்துக்கு மட்டும் அது கைகூடவில்லை.

இத்தகைய பெயர்க் குழப்பத்தில் வணிகத்துக்கும் பங்குண்டு. கொச்சித் துறைமுகத்துக்கும் பங்குண்டு. போர்த்துக்கீசியர் மிளகு வாங்க வந்தபோது பணத்தோடு செம்பையும் கொண்டுவந்தனர். ஃபுக்கர் குடும்பத்தின் முத்திரை பொறித்த 1,800க்கும் மேற்பட்ட செம்புக் கட்டிகளோடு இந்தியாவை நோக்கி வந்து 1533இல் மூழ்கிய ஒரு கப்பல், 2008இல் நமீபியக் கரையில் கண்டெடுக்கப்பட்டது. கிழக்கிலிருந்து வெள்ளீயமும் சீனத் துத்தநாகமும் வந்தன. வெள்ளீயத்தைப் போர்த்துக்கீசியர் கலாயிம் என்றனர். அரபு வணிகரின் சொல் அது. துத்தநாகத்தைத் துத்தநாகா என்று ஏறத்தாழ இங்குள்ள பெயராலேயே அழைத்தனர். ஆங்கிலேயர் அச்சொல்லை எடுத்துக்கொண்டு, துத்தநாகத்துக்கும் செம்பு-நிக்கல்-துத்தநாகக் கலவையான சீன வெண்செம்புக்கும் ஒருசேரப் பயன்படுத்தி வேதியியல் வரலாற்றாசிரியர்களுக்குத் தலைவலி கொடுத்தனர். கப்பலில் ஏறும் சொல், சரக்கின் தோற்றத்தைத்தான் சுமக்கும். சரக்கின் உட்பொருளைச் சுமக்காது.

உலகின் பிற மொழிகளும் இதில் தமிழைவிடத் தெளிவாகத் தொடங்கவில்லை. இலத்தீனில் காரீயம் "கறுத்த பிளம்பம்", வெள்ளீயம் "வெளுத்த பிளம்பம்". காரீயம், வெள்ளீயம் என்ற தமிழ்ப் பாகுபாட்டின் அச்சு அசல் அது. ஸ்டானம் என்ற சொல் முதலில் வெள்ளியும் காரீயமும் சேர்ந்த கலவையைக் குறித்து, பின்னரே வெள்ளீயத்துக்கு இடம்பெயர்ந்தது. ஸ்லாவிய மொழிகளில் நிலைமை வேடிக்கையானது. ஓலவோ என்ற ஒரே பழஞ்சொல் ரஷ்ய மொழியில் வெள்ளீயம். செக் மொழியிலும் செர்பிய மொழியிலும் காரீயம். போலிஷ் மொழியில் அதன் இணைச்சொல்லும் காரீயமே. மொழியியல் வகுப்பில் பொருள்மாற்றத்துக்கு எடுத்துக்காட்டு தேடுவோர் இதைவிட நல்லதைத் தேட வேண்டியதில்லை. ஆயினும் அம்மொழிகள் ஒவ்வொன்றும் தன் எல்லைக்குள் முடிவெடுத்துவிட்டன. ரஷ்ய மாணவருக்கு ஓலவோ எது என்பதில் ஐயமில்லை. செக் மாணவருக்கும் இல்லை. பழைய சொல் எதைக் குறித்தது என்பது வரலாற்றுக்குரிய கேள்வி. இன்று எதை விலக்குகிறது என்பது கலைச்சொல்லுக்குரிய கேள்வி. 1789இல் லவாய்சியே தனிமப் பொருள்களின் பட்டியலை வெளியிட்டு அதில் 17 உலோகங்களை வரிசைப்படுத்தியபோது செய்ததும் இதுவே. காரீயம், வெள்ளீயம், துத்தநாகம் மூன்றும் அப்பட்டியலில் தனித்தனி வரிகளாக நின்றன.

தமிழுக்கு இங்கே ஒரு கூடுதல் இடர்ப்பாடு உண்டு. அது பாக்கு நீரிணைக்கு அப்பாலிருந்து வருகிறது. "வெறும் ஈயம் வேண்டாம், காரீயம் என்றே எழுதுங்கள்" என்று தமிழ்நாட்டில் சொல்லிவிடலாம். இலங்கைத் தமிழில் காரீயம் என்பது பென்சிலின் கரு, அதாவது கார்பனின் ஒரு வடிவமான கிராஃபைட். போகலவிலும் கஹட்டகஹவிலும் இருப்பவை காரீயச் சுரங்கங்கள். அங்கே காரீயம் உலோகமே அல்ல. இலங்கைப் பாடநூலில் 82ஆம் தனிமத்தின் பெயர் ஈயம். 50ஆம் தனிமம் வெள்ளீயம். இதுவும் இலங்கையர் செய்த தவறன்று. ஐரோப்பாவே நெடுங்காலம் கிராஃபைட்டைக் கறுத்த காரீயம் என்று நம்பியது. பிளம்பம் என்பதிலிருந்தே அதைப் பிளம்பேகோ என்றும் அழைத்தது. காரீயத்துக்குரிய கிரேக்கச் சொல்லிலிருந்து பெயர்பெற்ற மாலிப்டினத் தாதும் அதே கறுப்புக் குவியலில் கிடந்தது. 1778இல் ஷீலே மாலிப்டினத் தாதைப் பிரித்துக் காட்டினார். 1789இல் வெர்னர், எழுதுதல் என்னும் பொருள்தரும் கிரேக்க வினையிலிருந்து கிராஃபைட் என்ற பெயரை உருவாக்கினார். தாளில் கறுப்புக் கோடு விழுகிறது என்ற ஒற்றுமை ஒரு பிழையை உண்டாக்க, அப்பிழை ஐரோப்பாவில் திருத்தப்பட்ட பிறகும் மொழிபெயர்ப்பு வழியாகத் தமிழில் தங்கிவிட்டது. சென்னையில் எழுதிய கட்டுரையை யாழ்ப்பாணத்தில் படிக்கும் மாணவர், "குடிநீரில் காரீயம்" என்ற தலைப்பைக் கண்டு பென்சில் தூளை நினைத்தால் என்ன சொல்வது?

அடுத்தது இண்டாலியம். பெயரைக் கேட்டால் தனிம அட்டவணையில் எங்கோ இருப்பது போலத் தோன்றும். அது தனிமம் அன்று. அலுமினியக் கலவை ஒன்றன் வணிகப் பெயர். டேவி 1807இல் சோடியம், பொட்டாசியம் என்று பெயரிட்டதிலிருந்து "இயம்" என்ற ஈறு உலோகத்தின் முத்திரையாயிற்று. சூரிய ஒளியின் நிறமாலையில் மட்டும் தெரிந்த புதிய பொருளை உலோகம் என்று கருதியே லாக்கியர் ஹீலியம் என்றார். அது வாயு என்று தெரிந்த பின்னும் ஈறு ஒட்டிக்கொண்டது. அந்த ஈற்றின் மதிப்பை இண்டாலியம் கடன் வாங்கியிருக்கிறது. (உண்மையான இண்டியம் என்ற தனிமம் 1863இல் ஜெர்மனியில் கண்டறியப்பட்டது, அவுரி நீலம் போன்ற நிறமாலைக் கோட்டால் அப்பெயர், அவுரி நீலத்தின் ஐரோப்பியப் பெயரோ இந்தியாவின் பெயரிலிருந்து வந்தது. தனிமப் பெயர்களில் இந்தியா இருப்பது இப்படிச் சுற்றுவழியில்தான்.) 2025 ஆகஸ்டில் அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம், இறக்குமதியான சில அலுமினிய, பித்தளைப் பாத்திரங்களிலிருந்தும், ஹிண்டாலியம் அல்லது இண்டாலியம் எனப்படும் கலவைப் பாத்திரங்களிலிருந்தும் காரீயம் உணவில் இறங்கக்கூடும் என்று எச்சரித்தது. இதைத் தமிழில் எழுதும்போது ஏற்படும் நிலையைப் பாருங்கள்: "ஈயப் பாத்திரங்களில் ஈயம்." பேச்சுத் தமிழில் அலுமினியம் ஈயம் ஆதலால் இத்தொடர் இலக்கணப்படி சரி, பொருளளவில் சூனியம். ஒரு எச்சரிக்கையை எச்சரிக்கையாகவே எழுத முடியாத நிலைக்கு ஒரு மொழி தன்னைத் தள்ளிக்கொள்ளக் கூடாது.

மொழியியல் துறையினரிடமிருந்து வரக்கூடிய மறுப்பு தெரிந்ததே: வழக்கை விவரிப்பதுதான் மொழியியலின் வேலை, விதிப்பதன்று, மக்கள் ஈயம் என்று மூன்றையும் சொன்னால் ஈயம் மூன்றையும் குறிக்கும் சொல், அவ்வளவே. பேச்சு வழக்கைப் பொறுத்தவரை இது முற்றிலும் சரி. "ஈயத்தைப் பார்த்து இளித்ததாம் பித்தளை" என்ற பழமொழியில் எந்த ஈயம் என்று கேட்பவர் பழமொழியையும் புரிந்துகொள்ளாதவர், வேதியியலையும் புரிந்துகொள்ளாதவர். கலைச்சொல் அப்படியன்று. அது இயல்பாக முளைப்பதில்லை. பாடநூல் குழுவும் அகராதிக் குழுவும் செய்தியறையும் ஒப்பந்தமாகச் செய்துகொள்வது. ஒப்பந்தத்தைத் திருத்தும்படி கேட்பது, பேசுபவரைத் திருத்துவதாகாது.

இன்னொரு மறுப்பு, லெட், டின், சிங்க் என்று ஒலிபெயர்த்துவிட்டால் தொல்லை தீர்ந்தது என்பது. தமிழ்நாட்டுப் பாடநூல்களும் வினாத்தாள்களும் ஏற்கெனவே பாதி அவ்வழியில் சென்றுவிட்டன. ஆனால் டின் என்பது தமிழில் ஏற்கெனவே ஒரு பாத்திரம். எண்ணெய் டின், பால் பவுடர் டின். அந்த டின் இரும்புத் தகடு. மேலே மெல்லிய வெள்ளீயப் பூச்சு. தகரம் என்ற சொல்லும் அதற்கே. தகரக் கொட்டகையின் தகரத்திலோ பூச்சு வெள்ளீயம்கூட அன்று, துத்தநாகம். ஒலிபெயர்ப்பு ஒரு குழப்பத்தை அகற்றி மற்றொன்றைக் கொண்டுவருகிறது. அதைவிடப் பெரிய குறை, லெட் என்று படித்த மாணவி வீட்டுக்குப் போய்ப் பாட்டியின் ஈயச் சொம்பைப் பார்க்கும்போது அவள் கற்றதற்கும் அந்தச் சொம்புக்கும் இடையே எந்தப் பாலமும் இராது என்பது. தமிழில் பெயர் இருப்பதன் பயனே அந்தப் பாலம்தான்.

செய்யக்கூடியது மிகச் சிறியது. அறிவியல், மருத்துவம், சட்டம், செய்தி ஆகிய நான்கு இடங்களில் அடைமொழி இல்லாத ஈயத்தையும் துத்தம் இல்லாத நாகத்தையும் தனியே எழுதாமல் விடலாம். முதன்முறை பெயர் வரும் இடத்தில் அணு எண்ணைச் சேர்த்துவிடலாம்: காரீயம் (82), வெள்ளீயம் (50), துத்தநாகம் (30), அலுமினியம் (13). மோஸ்லி 1913இல் எக்ஸ் கதிர்களைக் கொண்டு நிலைநாட்டியதிலிருந்து அணு எண் ஒன்றுதான் எந்த மொழியின் நிறத்துக்கும் கடவுளுக்கும் கப்பலுக்கும் கட்டுப்படாத பெயராக இருக்கிறது. இலங்கை வாசகருக்கு 82 என்ற எண் காரீயம் பென்சில் அன்று என்பதைச் சொல்லிவிடும். அங்கு அச்சாகும் நூலில் ஈயம் (82) என்று இருந்தால் தமிழ்நாட்டு வாசகர் சொம்பை நினைத்து மயங்கமாட்டார். இரு கலைச்சொல் மரபுகளும் ஒன்றுகூடிப் பேசி முடிவெடுக்கும் நாள் வரும்வரை காத்திருக்கத் தேவையில்லாத ஏற்பாடு இது.

பாத்திரக் கடையின் பலகையில் "ஈயச் சொம்பு" என்றே இருக்கட்டும். அந்தப் பெயருக்கு அதற்குரிய வரலாறு இருக்கிறது. சொம்பின் அடியில் ஒட்டும் சீட்டில் வெள்ளீயம் (50) என்றும், காரீயம் (82) எத்தனை பங்கு என்று சோதித்த எண்ணும் அச்சிடப்பட வேண்டும். மட்டாஞ்சேரியில் விற்றால் அதையே வெளுத்தீயம், கறுத்தீயம் என்று மலையாளத்திலும் அச்சிட வேண்டும். நாக பற்பப் புட்டியின் சீட்டில் 30, நாக பஸ்மப் புட்டியின் சீட்டில் 82. இதற்குப் புதிய சொல் எதையும் எவரும் உருவாக்க வேண்டியதில்லை.